குடைக்காரன் திரும்பினானா?

வெரிபீ, மெல்பேர்ண்
9 பெப்ரவரி 1975

அன்புள்ள மச்சான் இந்திரகுமாருக்கு,

நானும் உமது அக்காவும் சுகம். பிளாக்டவுனில் உமது பல் வைத்தியம் நன்றாக நடப்பதாக அறிந்தோம். சிட்னி மக்களின் பல் கெடட்டும் என்று வேண்டுவது முறையல்ல. ஆகையால் உமது சுகத்துக்கு மட்டும் வேண்டுகிறோம்.

நிற்க. எனது புத்தகம் எவ்வளவில் இருக்கிறது என்று நீர் கேட்கவில்லை, எனவே சொல்கிறேன். ஏழாம் அத்தியாயம் முடிந்துவிட்டது. பகலில் இந்த நகரத்தின் கழிவுநீரைச் சுத்திகரிக்கும் பண்ணையில் பொறியியலாளனாக இருக்கிறேன். மாலையில் முரோகா தெய்கிச்சியோடு இருக்கிறேன். இரண்டில் எது நாற்றம் குறைந்தது என்று உமது அக்கா இன்னும் தீர்ப்புச் சொல்லவில்லை.

உமக்கு மறந்திருக்கும். முரோகா, ஊமைப்பட காலத்தில் கியோட்டோவில் சரித்திரப் படங்களுக்குக் கமரா பிடித்தவர். அன்றைய கமராவுக்கு மோட்டார் இல்லை. பக்கத்தில் இருக்கும் கைபிடியைச் சுற்றினால்தான் படச்சுருள் ஓடும். மெதுவாகச் சுற்றி எடுத்தால் திரையில் ஆட்கள் வேகமாக அசைவார்கள். வாட்சண்டை வந்தால் முரோகா மெதுவாகச் சுற்றுவார். யப்பான் முழுவதும் கசுமா என்ற நடிகனை 'மின்னல் வாள்' என்று கொண்டாடியது. மின்னல் இருந்தது முரோகாவின் மணிக்கட்டில். சுவரொட்டியில் இருந்தது கசுமாவின் பெயர். உலகம் இப்படித்தான்.

அவர் எடுத்த படங்களில் ஒன்றும் மிஞ்சவில்லை. நிலநடுக்கம், யுத்தம், ஈரம். ஒரு படத்தையும் பார்க்காமல் ஒரு கமராக்காரரை இவ்வளவு ஆழமாக ஆராய்ந்தவன் உலகத்தில் வேறு எவனும் இல்லை என்று துணிந்து சொல்வேன். என்னிடம் இருப்பது ஒரேயொரு நிழற்படம். மழை. குடை பிடித்த வாள்வீரன் ஒருவன் முதுகு காட்டிப் போகிறான். எனது ஏழாம் அத்தியாயம் முழுவதும் அந்த முதுகுதான். 'திரும்பாத மனிதன்' என்று தலைப்பு. தோளின் சாய்வை வைத்தே அவன் திரும்பவில்லை என்று நிறுவியிருக்கிறேன். திரும்பியிருந்தால் என் புத்தகமே இல்லை.

அன்புடன்,
மகேந்திரராஜா

தம்பி, இவர் எனக்கு மூன்று வரி விட்டிருக்கிறார். கத்தரிக்காய் காய்க்குது. நீ சமைக்கிறியா, கடைப் பாணோட காலத்தைப் போக்குறியா? — அக்கா.


பிளாக்டவுன், சிட்னி
2 மார்ச் 1975

அன்புள்ள அத்தானுக்கும் அக்காவுக்கும்,

நான் சுகம். பாண்தான். உங்கள் சுகத்தை அக்காவின் மூன்று வரியில் தெரிந்துகொண்டேன்.

அத்தான், இந்தச் செய்தியை எப்படி எழுதுவது என்று தெரியவில்லை, நேரே எழுதுகிறேன். சென்ற கிழமை கடைவாய்ப் பல் வலியோடு ஒரு யப்பானியப் பெண்மணி வந்தா. மிஸிஸ் டாய்ல். யுத்தம் முடிந்து யப்பானுக்குப் போன அவுஸ்திரேலியப் படைவீரர் ஒருவரைக் கட்டிக்கொண்டு இங்கே வந்தவ. நான் விளக்கை இழுத்து அவவின் முகத்துக்கு நேரே வைத்ததும் சிரித்தா. "எங்கட அப்பாவும் இப்பிடித்தான் லைட்டைத் திருப்புவார். கியோட்டோவில கமராக்காரரா இருந்தவர்" என்றா. நான் சும்மா பெயரைக் கேட்டேன்.

முரோகா, அத்தான். முரோகா தெய்கிச்சி. அவ மகள் கிமிகோ.

நான் பல் பிடுங்கும் குறட்டைக் கீழே வைத்துவிட்டேன். "என்ர அத்தான் உங்கட அப்பாவைப் பற்றிப் புத்தகம் எழுதுறார்" என்றேன். அவவுக்கு ஒரே ஆச்சரியம். வாயில் பஞ்சு இருந்ததால் முழுவதும் விளங்கவில்லை.

இன்னும் ஒன்று. ஒரு படம் மிஞ்சியிருக்கிறது. அவவின் தம்பி கியோட்டோவில் ஒரு களஞ்சிய அறையிலிருந்து எடுத்திருக்கிறார். உங்கள் குடைக்காரன் வருகிற படம் அதுதான். அதன் பிரதி ஒன்றை யூலை மாதம் இங்குள்ள பட சங்கத்துக்கு ஒரு தடவை காட்டுவதற்கு மட்டும் அனுப்புகிறார். உடனே திருப்பி அனுப்பவேண்டும். சங்கத் தலைவர் பெல்லமி, படத்துக்கு முன்னால் என்னைக் கொஞ்ச நேரம் பேசச் சொல்கிறார். நான் என்னத்தைப் பேச? நீங்கள்தான் வரவேண்டும்.

அன்புள்ள மைத்துனன்,
இந்திரகுமார்


வெரிபீ
20 ஏப்ரல் 1975

அன்புள்ள மச்சான் இந்திரகுமாருக்கு,

சுகம். உமது கடிதம் கிடைத்தது. பண்ணையில் பம்புகள் பழுதாகிப்போனதால் பதில் பிந்திவிட்டது.

உமது அதிர்ஷ்டத்தை அறிந்து மகிழ்ச்சி. நான் கியோட்டோவுக்கு எத்தனையோ கடிதம் எழுதினேன், பதில் வந்ததில்லை. நீர் ஒரு பல்லைப் பிடுங்கினீர். ஆராய்ச்சி உமது மடியில் விழுந்தது. ஆராய்ச்சி முறைகளில் இது புதியது.

ஆனால் அவசரப்படவேண்டாம். முரோகா என்ற பெயர் யப்பானில் வேறு யாருக்கும் இருக்காது என்று உமக்கு யார் சொன்னது? அவவின் தகப்பனார் கடைசிக் காலத்தில் என்ன செய்தார் என்று கேட்டுப்பாரும். எனது ஐந்தாம் அத்தியாயத்தின்படி, பேசும்படம் வந்த பிறகு முரோகா ஒரு மடத்தில் மௌனமாக வாழ்ந்து மறைந்தார். மகளுக்கு இது தெரியாவிட்டால் அவ மகளல்ல.

பேசச் சொல்லி அவர்கள் கேட்டது உம்மைத்தானே. நீரே பேசும். எனக்கு முதுகுவலி. இவ்வளவு தூரம் ரெயிலில் இருக்க முடியாது.

அன்புடன்,
மகேந்திரராஜா

முதுகு நல்லாயிருக்கு. ஞாயிற்றுக்கிழமை புதுப் பாத்தி கொத்தினவர். — அக்கா.


பிளாக்டவுன்
1 யூன் 1975

அன்புள்ள அத்தானுக்கு,

நான் சுகம். உங்கள் முதுகு இரண்டு விதமாகவும் இருப்பதாக அறிந்தேன். நல்ல விதமே நிலைக்கட்டும்.

நீங்கள் சொன்னபடி கேட்டேன். மடம் இல்லையாம், அத்தான். யுத்தத்துக்குப் பிறகு கூரே என்ற துறைமுக ஊரில் சின்ன ஸ்டூடியோ வைத்திருந்தாராம். அவுஸ்திரேலியப் படைவீரர்கள் வீட்டுக்கு அனுப்புவதற்குப் படம் எடுத்துக்கொள்ள வருவார்களாம். அப்படி வந்த டாய்ல் கண்ணை மூடிக்கொண்டே இருந்ததால் மூன்று தரம் எடுக்கவேண்டி வந்ததாம். "மூண்டாம் தரம் நான் அப்பாவுக்குப் பின்னால நிண்டன். அப்பத்தான் கண்ணைத் திறந்தவர்" என்கிறா கிமிகோ. இதை அத்தியாயத்தில் சேர்க்கலாமோ தெரியாது.

படம் காட்டுவது யூலை 26, சனிக்கிழமை. கெஞ்சிக் கேட்கிறேன், வாருங்கள். என் வீட்டில் உங்களுக்கென்று நல்ல கட்டில் வாங்கிவைத்திருக்கிறேன். வர முடியாவிட்டால் குறிப்புகளாவது அனுப்புங்கள். காட்டும்போது நான் கவனிக்கவேண்டியது ஏதும் இருந்தால் அதையும் எழுதுங்கள். பெல்லமியின் புரொஜெக்டர் பழையது.

அன்புள்ள,
இந்திரகுமார்


வெரிபீ
6 யூலை 1975

அன்புள்ள மச்சான் இந்திரகுமாருக்கு,

சுகம். கட்டில் வாங்கியதற்கு நன்றி. நீரே படுத்துக்கொள்ளும்.

கேட்டதற்கிணங்கப் பதினான்கு பக்கக் குறிப்புகள் இத்துடன் வருகின்றன. நடிகர்களின் முகத்தில் ஏன் வெள்ளை பூசினார்கள், அக்காலப் படச்சுருளில் சிவப்பு ஏன் கறுப்பாக விழும், வானத்து நீலம் ஏன் வெளிறிப்போகும், கூரையைக் கண்ணாடியால் வேய்ந்து வெயிலை எப்படி வடித்தெடுத்தார்கள், மழைக் காட்சிக்குக் குழாயை எங்கே பிடித்தார்கள், எல்லாம் உண்டு. கியோட்டோ என்ற ஊர்ப்பெயரை எப்படி உச்சரிப்பது என்றும் எழுதியிருக்கிறேன். நீர் பிழையாகச் சொல்வீர் என்று பயம்.

இவற்றைவிடக் காட்டும்போது கவனிக்கவேண்டியது ஒன்றுமில்லை.

அன்புடன்,
மகேந்திரராஜா

இடம் விடேல்ல. வேற எழுதுறன். — அ.


வெரிபீ
8 யூலை 1975

அன்புள்ள தம்பிக்கு,

நான் சுகம். நீ உடம்பைப் பார்த்துக்கொள்.

இந்தக் கடிதத்தை நானே தபாலில் போடுகிறேன். போன கிழமை சாப்பிடும்போது அத்தான் தனக்குள் சிரித்தார். என்னவென்று கேட்டேன். "ஊமைப்படச் சுருளைச் செக்கனுக்குப் பதினாறு படம் எண்டு ஓட்டவேணும். இப்பத்தைய மிசின் இருபத்திநாலு ஓட்டும். திருகாணியைத் திருப்பிக் குறைக்காட்டி எல்லாரும் எறும்பு மாதிரி ஓடுவினம். அழவேண்டிய இடத்தில சனம் விழுந்து விழுந்து சிரிக்கும்" என்றார்.

"இதைத் தம்பிக்கு எழுதினீங்களோ?" என்று கேட்டேன்.

"கேட்டால் சொல்லலாம்" என்றார்.

"காட்டேக்க என்ன கவனிக்கவேணும் எண்டு கேட்டவன்தானே?"

"அது பொதுவான கேள்வி" என்று சொல்லி இன்னொரு கரண்டி சொதி விட்டுக்கொண்டார்.

அவர் கெட்டவர் இல்லை, தம்பி. உனக்குத் தெரியும். கொழும்பில் நீ அம்மை போட்டுக் கிடந்தபோது உன்னை வேப்பிலையால் தடவியது அவர். ஆனால் முரோகா என்றால் அவருக்கு வேறு புத்தி. உன் கடிதம் வந்த அன்றைக்கு இரண்டு தரம் வாசித்தார். பிறகு முற்றத்துக்குப் போய் நன்றாயிருந்த வேலியைத் திருத்தினார்.

பதினாறு. மறக்காதே. நான் 25ஆம் திகதி ரெயிலில் வருகிறேன். "தம்பியைப் பாக்கப் போறன்" என்று சொன்னேன். படத்தைப் பற்றி அவரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.

அக்கா,
சத்தியபாமா


பிளாக்டவுன்
28 யூலை 1975

அன்புள்ள அத்தானுக்கு,

நாங்கள் சுகம். அக்கா என் குசினியைக் கழுவிச் சட்டி பானையை மாற்றி அடுக்கிவிட்டா. இப்போது எனக்கு ஒன்றும் எங்கே என்று தெரியவில்லை.

சனிக்கிழமை படம் காட்டினோம். மண்டபம் நிறைந்துவிட்டது. உங்கள் குறிப்புகளை வாசித்தேன்; வெள்ளைப் பூச்சையும் கறுத்துப்போகும் சிவப்பையும் சொன்னபோது சனம் மூச்சுவிடவில்லை. இவையெல்லாம் மெல்பேர்ணில் இருக்கும் மகேந்திரராஜாவின் ஆராய்ச்சி என்று முதலிலும் சொன்னேன், கடைசியிலும் சொன்னேன். உங்கள் பெயருக்குக் கைதட்டினார்கள். 'மகெந்ராஜா' என்று பெல்லமி சொன்னதை மன்னிக்கவும். கியோட்டோவை நான் சரியாகத்தான் சொன்னேன்.

ஊமைப்படத்தை மெதுவாக ஓட்டவேண்டும் என்று ஒருவர் சொல்லியிருந்தார். பெல்லமியின் புரொஜெக்டரில் அதற்கு ஒரு திருகாணி உண்டு. ஆனால் கையை எடுத்தால் அது தன்பாட்டில் வேகத்தைக் கூட்டிவிடும். ஆகவே படம் தொடங்கியதிலிருந்து முடியும்வரை நான் பின்னால் நின்று, ஒரு கையால் திருகாணியைப் பிடித்தபடி, வேகம் காட்டும் ஊசியை மட்டுமே பார்த்துக்கொண்டிருந்தேன். கழுத்துப் பிடித்துவிட்டது.

நான் படம் பார்க்கவில்லை, அத்தான். ஒரு காட்சியும் பார்க்கவில்லை. நடுவில் சனம் ஓ என்றது, எதற்கென்று தெரியாது. கடைசியில் ஒரு சத்தமும் இல்லை. அதற்கும் எதற்கென்று தெரியாது.

சுருள் இன்று காலை விமானத்தில் திரும்பிப் போய்விட்டது. இனி வெளியே விடமாட்டார்களாம்.

அக்கா முன் வரிசையில் கிமிகோவுக்குப் பக்கத்தில் இருந்து பார்த்தவ. "குடைக்காரன் திரும்பினவனோ, அக்கா?" என்று வீட்டுக்கு வரும்வழியில் கேட்டேன். "அத்தான் கேக்கட்டும். முதல் அவருக்கு, பிறகு உனக்கு" என்கிறா. எவ்வளவு கேட்டும் அதே பதில்.

அன்புள்ள,
இந்திரகுமார்


வெரிபீ
30 யூலை 1975

அன்புக்குரிய மச்சான் இந்திரகுமாருக்கு,

நலம், நலமே விளைக. உமது கடிதம் கிடைத்த அன்றே எழுதுகிறேன். கழுத்து எப்படி இருக்கிறது? நல்லெண்ணெய் சூடாக்கிப் போடும். வெறும் பாணைச் சாப்பிட்டு உடம்பைக் கெடுக்கவேண்டாம்.

நீர் படத்தைப் பார்க்க முடியாமல் போனதை அறிந்து பெரிதும் மனம் வருந்தினேன். இதைவிடப் பெரிய இழப்பு ஒருவருக்கு வரமுடியாது. அவ்வளவு அருகில் நின்றும்! உமது இடத்தில் நான் இருந்திருந்தால் தாங்கியிருக்கமாட்டேன். உமது பொறுமையை மெச்சுகிறேன். உண்மையில், கைபிடியும் கையுமாக நின்று காட்சியைக் காண முடியாமற்போன வகையில் நீர் முரோகாவின் வாரிசு என்றே சொல்லலாம். இந்த ஒப்புமையை முன்னுரையில் சேர்க்க எண்ணியிருக்கிறேன், உமது பெயருடன்.

வேகத்தைப் பற்றி யாரோ சொன்னது நல்லது. சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த விடயம் என்பதால் நான் குறிப்பிடவில்லை.

ஏழாம் அத்தியாயத்தைப் பற்றி எனக்கு எவ்விதச் சந்தேகமும் இல்லை. ஆகையால் யாரிடமும் எதையும் கேட்கவேண்டிய அவசியமும் இல்லை. உமது அக்கா எப்போது திரும்புகிறா என்று மட்டும் அறியத்தரவும்.

என்றும் மாறா அன்புடன்,
மகேந்திரராஜா


பிளாக்டவுன்
17 ஓகஸ்ட் 1975

அன்புள்ள உங்களுக்கு,

நான் சுகம். நீங்கள் நேரத்துக்குச் சாப்பிடுகிறீர்கள் என்று நினைக்கிறேன். கத்தரிச் செடிக்குத் தண்ணீர் விடவும். பண்ணைத் தண்ணீர் வேண்டாம்.

இன்னும் கொஞ்சநாள் நிற்கலாம் என்று நினைக்கிறேன். தம்பி மெலிந்துபோனான். கிமிகோ அடிக்கடி வருவா. அவவுக்குத் தோசை சுடக் காட்டிக்கொடுத்தேன். முதலாவது தோசையே வட்டமாக வந்தது. எனக்கு அது பிடிக்கவில்லை.

படம் நல்லது.

சத்தியபாமா


வெரிபீ
11 செப்டெம்பர் 1975

அன்புள்ள சத்தியபாமாவுக்கு,

நான் சுகம். உமது சுகம் அறிய ஆவல். கலியாணம் கட்டிய காலத்திலிருந்து உமக்கு நான் கடிதம் எழுதியதில்லை என்று இப்போதுதான் கண்டுகொண்டேன், தொடங்குவது கஷ்டமாயிருக்கிறது. எனது கடிதங்களில் நீர் எழுதுவதற்கு நான் இன்னும் கொஞ்சம் இடம் விட்டிருக்கலாம்.

கத்தரி உயிரோடு இருக்கிறது. பம்புகள் திருந்திவிட்டன. பக்கத்துவீட்டு மனிதர், உமது மனைவி எங்கே என்று கேட்டார். சிட்னியில் என்றேன். எதற்கு என்றார். படம் பார்க்க என்றேன். இவ்வளவு நாளாகவா ஒரு படம் ஓடுகிறது என்றார்.

வேகத்தைப் பற்றித் தம்பிக்குச் சொன்னது நீர்தான் என்று எனக்குத் தெரியும். நான் எழுத மறந்தேன் என்று வைத்துக்கொள்ளலாம். நீர் அப்படி வைத்துக்கொள்ளமாட்டீர் என்பதும் தெரியும்.

அந்த மண்டபத்தில் இருந்தவர்கள் யாவரும் பார்த்துவிட்டார்கள். பெல்லமி பார்த்துவிட்டான். வாசலில் டிக்கெட் கிழித்தவனும் எட்டிப் பார்த்திருப்பான். நேற்று ரெயிலில் ஒரு கிழவன் என் முன்னால் இருந்து சிரித்தான். இவனும் பார்த்தவனோ என்று ஒரு கணம் நினைத்தேன். உம்மிலும் எனக்குப் பொறாமைதான். கட்டிய பெண்சாதியில் பொறாமைப்படுவது எந்தச் சாத்திரத்தில் எந்தக் குற்றம் என்று தேடிப்பார்த்தேன். எழுதியவர்களுக்கு இப்படி ஒரு நிலைமை வந்திருக்காது.

அவன் திரும்பினானா?

மகேந்திரராஜா


பிளாக்டவுன்
15 செப்டெம்பர் 1975

அன்புள்ள உங்களுக்கு,

நான் சுகம். உங்கள் கடிதம் கிடைத்தது.

திரும்பினான்.

தோளைப் பற்றி நீங்கள் எழுதியது சரி. தோள் அசையவே இல்லை. கழுத்து மட்டும் திரும்பியது. குடையைக் கொஞ்சம் தூக்கி, நேரே எங்களைப் பார்த்தான். கோபமும் இல்லை, வீரமும் இல்லை. வீட்டைப் பூட்டிவிட்டு, அடுப்பை நிறுத்தினோமா என்று படலையடியில் நின்று யோசிப்போமே, அப்படி ஒரு முகம். பிறகு போய்விட்டான்.

கிமிகோ என் கையைப் பிடித்துக்கொண்டா. "அப்பாவும் கசுமாவும் அந்தப் படம் எடுத்த காலம் முழுக்கக் கதைக்கேல்லயாம். சுவரொட்டியில ஆரின்ர பேர் எண்டுதான் சண்டை. அண்டைக்குக் கடைசிக் காட்சி. குடையோட போன கசுமாவைத் திரும்பச் சொல்லி ஒருத்தரும் சொல்லேல்ல. மழையில கைபிடி சுத்துற சத்தம் கேக்கேல்லயாம். அப்பா கோபத்தில விட்டுட்டுப் போட்டாரோ எண்டு பாக்கத் திரும்பினவராம்" என்றா.

"அப்ப அப்பா?" என்று கேட்டேன்.

"சுத்திக்கொண்டுதான் நிண்டவர்" என்றா. அந்த இடத்தை வெட்டச் சொல்லி எல்லாரும் சொன்னார்களாம். முரோகா விடவில்லையாம்.

இதைத் தம்பிக்கு இன்னும் சொல்லவில்லை. இப்போதும் தோளுக்கு மேலால் எட்டிப் பார்க்கிறான். கையால் மறைத்துக்கொண்டு எழுதுகிறேன். கடிதம் உங்கள் கைக்கு வந்த பிறகுதான் அவனுக்கு. நீங்கள்தான் முந்தி.

சனிக்கிழமை காலை ரெயிலில் ஸ்பென்சர் ஸ்ட்ரீட் ஸ்டேசனுக்கு வாறன். தம்பியும் என்னோடு வாறான். "அத்தான் ஸ்டேசனுக்கு வருவாரோ, அக்கா?" என்று இரண்டு நாளாகக் கேட்கிறான். ஓம், வருவார் என்று சொல்லிப்போட்டேன். நாங்கள் இறங்கும்போது நீங்கள் மற்றப் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றாலும் குற்றமில்லை.

கழுத்து மட்டும் திரும்பினால் போதும்.

சத்தியபாமா